பூவணி நட்சத்திரம்

போன வெள்ளிக்கிழமை கோயிலில் அருச்சனைச் சீட்டுக்கு நின்றேன். நான் போகிற கோயிலிலும் இப்போது கம்பியூட்டர் வந்துவிட்டது. சீட்டடிக்கும் பிள்ளை தலை நிமிராமல், "பேர் சொல்லுங்கோ அன்ரி. நட்சத்திரம்?" என்றாள். நான் வாய் திறப்பதற்குள் கரண்ட் போய்விட்டது. "கொஞ்சம் நில்லுங்கோ, ஜெனரேற்றர் போடினம்." பின்பக்கத்தில் அது இருமி இருமிக் கிளம்பியது. மண்ணெண்ணெய்ப் புகை மண்டபமெல்லாம் பரவ, எல்லோரும் சேலைத் தலைப்பால் மூக்கைப் பொத்திக்கொண்டார்கள். நான் மட்டும் ஆழமாக ஒருதரம் இழுத்தேன். விசர் பிடித்துவிட்டது என்று நினைத்திருப்பார்கள். நினைக்கட்டும்.

மண்ணெண்ணெய் மணம் என்றால் எனக்கு நான் பிறந்து வளர்ந்த கரவெட்டிதான். சண்டையால் கரண்ட் இல்லாத வருடங்கள் அவை. ஜாம் போத்தலின் அடியில் கொஞ்சம் பஞ்சு, அது நனையுமளவுக்கு எண்ணெய், ஒரு நூல் திரி. அந்த வெளிச்சத்தில்தான் படித்தோம், சாப்பிட்டோம். படிப்பு முடிந்ததோ இல்லையோ அம்மா வந்து ஊதி அணைத்துவிடுவா. மண்ணெண்ணெய் விற்ற விலை அப்படி. பிறகு முற்றம்தான் கதி. ஊர் முழுக்க இருட்டென்றால் வானம் எப்படி இருக்கும் என்று இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்குச் சொல்லி விளங்கப்படுத்த முடியாது.

வானத்தில் கிடப்பதை நாங்கள் வெள்ளி என்போம். நட்சத்திரம் என்பது சாதகத்தில் கிடப்பது. வெள்ளியால் எனக்கு ஒரு கெடுதலும் வந்ததில்லை. வந்ததெல்லாம் மற்றதால்தான்.

என்னுடையது மூலம். ஆண் மூலம் அரசாளும், பெண் மூலம் நிர்மூலம் என்பார்களே, அந்த மூலம். நான் பெரியபிள்ளையானபோது செய்த சாமத்தியவீட்டுக்கு வந்திருந்த பெரியம்மா ஒருத்தி, பலகாரத்தைக் கடித்தபடியே அம்மாவிடம் கேட்டுத் தெரிந்துகொண்டு, "பாவம் பிள்ளை. கட்டிப் போற வீட்டிலை மாமனுக்கெல்லோ கூடாது" என்றா. எனக்குச் சோறு இறங்கவில்லை. முகம் தெரியாத யாரோ ஒரு மனிதர் எங்கோ நிம்மதியாகத் தோட்டத்துக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டிருப்பார். நான் போய் அவரைக் கொல்லப்போகிறேன்!

பக்கத்து வீட்டுத் தேவி என் வகுப்புத்தான். வாய்க்காரி. வேலியில் ஓலை பிரிந்து கிடந்த பொட்டுக்குள்ளால் புகுந்து வந்து, நான் அழுவதைக் கண்டுவிட்டாள்.

"அழாதையடி. உந்த வானம் சரியில்லை. நாங்கள் வேறை ஒண்டு செய்வம்."

செய்தோம். அதற்குக் கீழே ஒரு நாட்டையும் செய்தோம். அந்த நாட்டுக்கு ஒரேயொரு வெள்ளி. பெயர் பூவணி. வடக்கே கடலுக்கு மேலே, வள்ளக்காரர் எட்டித் தொடுகிற அளவுக்குத் தாழ நிற்கும். நகராது, மறையாது. பொழுதுபட்டதும் எல்லா வீட்டு முற்றத்திலும் அதன் வெளிச்சம் விழும் என்பதால் அங்கே ஜாம் போத்தலில் ஜாம் மட்டுமே இருக்கும். பிறக்கிற எல்லோருக்கும் அதுதான் நட்சத்திரம்.

"அப்ப பொருத்தம் எப்பிடிப் பாக்கிறது?" என்று கேட்டேன்.

"என்னத்தைப் பாக்கிறது? எல்லாருக்கும் பூவணி. தரகர் வெங்காயம் நட்டுப் பிழைக்கட்டும்."

அன்றைக்குத்தான் திரும்பவும் சிரித்தேன். அதன் பிறகு பின்னேரம் தோறும் அந்த நாட்டுக்குப் புதுப்புதுச் சட்டம் போட்டோம். பலகாரம் கடித்துக்கொண்டு சாதகம் கதைப்பவர்களுக்குப் பலகாரம் பறிமுதல். அது நான் போட்ட சட்டம்.

அந்த வருடக் கோயில் திருவிழாவில் அருச்சனைத் தட்டுடன் நெரிபட்டுக்கொண்டு நின்றோம். ஐயர் பெயரும் நட்சத்திரமும் கேட்க, தேவி என்னை முந்திக்கொண்டு என் பெயரைச் சொல்லி, "பூவணி நட்சத்திரம்" என்றாள். ஐயருக்கு இருந்த அவசரத்தில் அவர் ஒன்றையும் யோசிக்கவில்லை. "பூவணி நட்சத்திரே" என்று மந்திரத்தோடு சேர்த்துச் சொல்லிக்கொண்டே உள்ளே போய்விட்டார்.

"பாத்தியே, சாமியே ஏற்றுக்கொண்டிட்டார்" என்றாள் தேவி. நான் முழுதாக நம்பினேன். இப்போதும் கொஞ்சம் நம்புகிறேன் என்றால் சிரிக்காதீர்கள்.

சாமி ஏற்றுக்கொண்டாலும் சாத்திரியார் ஏற்கவேண்டுமே! வந்த கலியாணப் பேச்செல்லாம் சாதகக் குறிப்பைக் கண்டதும் திரும்பிப் போயிற்று. தேவி கலியாணம் கட்டிக் கனடா போனாள். நான் வேலை கிடைத்துக் கோப்பாய்க்கு வந்தேன். ஐயாவும் அம்மாவும் போன பிறகு இந்த வீட்டில் நானும் ரேடியோவும்தான். ஒவ்வொரு பேச்சும் குழம்பியபோது மனதால் அந்த நாட்டுக்குப் போய் இருந்துவிட்டு வருவேன். நரைத்த மனுசி சொல்கிற கதையா இது என்று வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் பூமியின் மற்றப் பக்கத்தில் அந்த நாட்டுக்காரி இன்னொருத்தி இருக்கிறாள் என்ற நினைப்பு எனக்குப் பெரிய துணை.

கோயிலால் வந்து செருப்பைக் கழற்றவும் தேவியின் அழைப்பு வந்தது. மண்ணெண்ணெய்ப் புகையைப் பற்றிச் சொல்ல எனக்கு ஒரே அவசரம். அவள் விடவில்லை.

"மகனுக்குச் சாவகச்சேரியிலை ஒரு பிள்ளை பாத்தனாங்கள். நல்ல பிள்ளை, படிச்சது. அவனுக்கும் விருப்பம். ஆனா மூலமாமடி. வேண்டாமெண்டு சொல்லப்போறன்."

"தேவி, நானும் மூலமெல்லே?"

"ஓமடி, அதாலைதான் பயம். உன்ரை சீவியத்தைக் கண்ணாலை பாத்தனான்தானே."

குத்திக் காட்டவில்லை. உண்மையான இரக்கத்தோடு சொன்னாள். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

"அந்தப் பிள்ளையை வேண்டாமெண்டு சொல்லாதை. பூவணியை ஒருக்கா நினைச்சுப் பார்" என்றேன்.

தேவி உற்சாகமாகக் கேட்டாள்.

"பூவணியோ? நல்ல பேராக் கிடக்கு. ஆரின்ரை பிள்ளை? என்ன நட்சத்திரம்?"

லைன் சரியில்லை என்று சொல்லி வைத்துவிட்டேன். அந்த நாட்டில் குடியிருந்தது நாங்கள் இரண்டே பேர். ஒருத்தியை வைத்துக்கொண்டு நாடு நடத்த முடியாது.