அத்தையைக் கிக் பண்ண மாட்டேன்

என் அத்தையின் முகத்தைப் பார்ப்பதற்கு முன்பே, அவர் ஓட்டிய ஜீப்பில் ஏறி நான் பாதி உலகத்தைச் சுற்றியிருந்தேன். உலகம் என்றால் கைப்பேசி விளையாட்டுக்குள் இருந்த உலகம். மலை, பாலைவனம், இடிந்த ஊர்கள், குதிரைகள் எல்லாம் அதில் உண்டு. எங்கே வேண்டுமானாலும் போகலாம், யாரும் தடுக்க மாட்டார்கள். எனக்கு அப்போது பன்னிரண்டு வயது. நிஜ உலகத்தில் சூலூரைத் தாண்டித் தனியாகப் போகவிடாத வீட்டில் பிறந்தவளுக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று சொல்லத் தேவையில்லை.

அந்த விளையாட்டை நான்கு பேர் வரை ஒரு ஸ்குவாடாக, அதாவது ஒரே அணியாகச் சேர்ந்து ஆடலாம். எங்கள் ஸ்குவாடில் சித்தப்பா, நான், அடுத்த தெருவில் இருந்த மாமா மகன், அப்புறம் அத்தை. அத்தை அப்பாவுக்குத் தங்கை, சித்தப்பாவுக்கு அக்கா. நான் கைக்குழந்தையாக இருந்தபோது, தன்னோடு வேலை பார்த்த ஒரு கிறிஸ்தவரைக் கல்யாணம் செய்துகொண்டு சரவணம்பட்டிக்குப் போய்விட்டார். வீட்டில் யாரிடமும் சொல்லாமல் போனார். அன்றிலிருந்து அவர் பேச்சை வீட்டில் எடுக்கக் கூடாது என்பது அப்பா போட்ட சட்டம். சித்தப்பா அந்தச் சட்டத்தை மீறவில்லை. வீட்டில் அவர் அக்காவைப் பற்றி மூச்சுக்கூட விட்டதில்லை. விளையாட்டில் சேர்த்துக்கொண்டார், அவ்வளவுதான்.

அத்தைக்குச் சுட வராது. எதிரி வந்தால் துப்பாக்கியை வானத்துக்குப் பிடிப்பார். ஆனால் ஜீப்பில் உட்கார்ந்துவிட்டால் அவரைப் பிடிக்க ஆள் கிடையாது. நாலாபக்கமும் குண்டு பறக்கும்போது, என் ஹெட்போனில், "கண்ணு, கெட்டியாப் புடிச்சுக்கோ" என்பார், நான் நிஜமாகவே பின்சீட்டில் இருப்பதுபோல. நானும் வீட்டில் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொள்வேன்.

சித்தப்பாவுக்குக் கல்யாணம் நிச்சயமானது. ஜவுளி, பத்திரிகை, மண்டபம் என்று அலைந்ததில் அவருக்கு விளையாட நேரமில்லை. லீடர் பதவியை எனக்கு மாற்றிக் கொடுத்தார். யாரைச் சேர்ப்பது, யாரை எங்கே காவலுக்கு நிறுத்துவது, யாரை வெளியே தள்ளுவது எல்லாம் இனி என் கையில். வெளியே தள்ளுவதற்குக் கிக் என்று பெயர். ஆளின் பெயரைத் தொட்டால் சிவப்புப் பொத்தான் ஒன்று வரும். அழுத்தினால் ஆள் காலி, கூடாரத்தில் அவர் சேர்த்து வைத்த சாமானும் காலி. வீட்டில் நான் சொன்னால் பூனைகூடக் கேட்காது. ஸ்குவாடில் நான் சொன்னால் சொன்னதுதான். உடனே சட்டங்கள் போட்டேன். சொந்த ஆளைச் சுட்டால் கிக். பொது மருந்துப் பெட்டியில் திருடினால் கிக். சொல்லாமல் பாதியில் ஓடினாலும் கிக். சட்டம் போடுவதில் நான் அப்பாவுக்குத் தப்பாமல் பிறந்தவள்.

மாமா மகனுக்கு அத்தையின் இடத்தில் தன் வகுப்புத் தோழனைக் கொண்டுவர ஆசை. "சுடத் தெரியாத ஆளை எதுக்கு வெச்சிருக்கறே? கிக் பண்ணு" என்று தினமும் நச்சரித்தான். நான் மசியவில்லை. ஒருநாள், அப்பா காபி குடிக்கும் நேரமாகப் பார்த்து வீட்டுக்கு வந்து, எல்லாவற்றையும் அவரிடம் கொட்டிவிட்டான்.

அப்பா டம்ளரைக் கீழே வைத்தார்.

"ஏங்கண்ணு, அதுல உங்க அத்தை இருக்கறாளா?"

"இருக்கறாங்க."

"எடுத்துப்போடு."

"எதுக்குங்கப்பா?"

"சொல்லாமக் கொள்ளாமப் போனவ. அவளோட உனக்கென்ன வெளையாட்டு?"

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. என் சட்டத்தை என்னிடமே சொல்கிறார், அதுவும் தப்பாக. "எங்ககிட்டச் சொல்லாம அவங்க ஒருநாளும் போனதில்லீங்க. அடுப்புல பால் பொங்குதுன்னாக்கூடச் சொல்லீட்டுத்தான் போவாங்க. நான் கிக் பண்ண மாட்டேன்."

அம்மா சமையலறை வாசலில் நின்று கண்ணால் ஜாடை காட்டினார். நான் அந்தப் பக்கமே திரும்பவில்லை. எங்கள் வீட்டில் அப்பாவிடம் 'மாட்டேன்' என்று யாரும் சொல்வதில்லை. சித்தப்பாகூட, "செரிங்கண்ணா" என்று சொல்லிவிட்டு அப்புறம் தனக்கு வேண்டியதைச் செய்கிற ரகம். அப்பா கையை ஓங்குவார் என்று எதிர்பார்த்தேன். கைப்பேசியைப் பிடுங்குவார் என்று அதை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டேன். அவர் ஒன்றும் செய்யாமல் எழுந்து கடைக்குப் போய்விட்டார். நான் செய்த முதல் காரியம், மாமா மகனைக் கிக் பண்ணியதுதான். சொந்த ஆளைக் காட்டிக்கொடுப்பது சுடுவதற்குச் சமம். அந்தப் பொத்தானை அழுத்தியபோது மனசுக்கு அப்படியொரு நிம்மதி.

மறுநாள் மாலை, மோட்டாருக்குச் செம்புக்கம்பி சுற்றிக் காயில் கட்டும் தன் கடையைப் பூட்டிவிட்டு வந்த அப்பா, என் பக்கத்தில் வந்து நின்றார்.

"அவ இன்னும் இருக்கறாளா?"

"இருக்கறாங்க" என்றேன், தாடையைத் தூக்கிக்கொண்டு.

"ம்" என்றுவிட்டுக் கைகால் கழுவப் போய்விட்டார்.

அதற்கடுத்த நாளும் அதே கேள்வி, அதே பதில். தினமும் சாயங்காலம் இது வழக்கமாகிவிட்டது. கல்யாணம் முடிகிற வரைக்குமாவது எடுத்துவிடு என்று அம்மா கெஞ்சினார். முடியாது என்றேன். நடுவில் அத்தைக்குக் காய்ச்சல் வந்து சில நாள் விளையாட வரவில்லை. அப்பா கேட்டபோது, "காய்ச்சலுங்க, அதான் வரலை. ஆனா இருக்கறாங்க. வராட்டியும் நான் கிக் பண்ண மாட்டேன்" என்று ஒரே மூச்சில் சொன்னேன். அப்பா துண்டும் கையுமாகச் சற்று நேரம் அப்படியே நின்றார். மறுநாள் செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலேயே கேட்டார். ஆள் வராததைச் சாக்காக வைத்து நான் எடுத்துவிட்டிருப்பேன் என்று நம்புகிறார் போலும், அந்த ஆசைக்கு இடம் கொடுக்கக் கூடாது என்று நான் இன்னும் இரண்டு மடங்கு முறுக்கிக்கொண்டேன்.

எங்கள் பக்கத்துக் கல்யாணங்களில் தாலி கட்டுவதற்கு முன் இணைச்சீர் என்று ஒன்று நடக்கும். மாப்பிள்ளையின் உடன்பிறந்தவள் அவர் பக்கத்தில் இருந்து, பெண் உடுத்தப்போகும் கூறைச்சேலையின் ஒரு தலைப்பைப் பிடித்துக்கொள்வாள். மறு தலைப்பு மாப்பிள்ளை கையில். பெண்டாட்டி வந்தாலும் பிறந்தவளை விட்டுவிடக் கூடாது என்பதற்காக. சித்தப்பாவுக்கு இதைச் செய்யத் தூரத்துப் பங்காளி வீட்டுப் பெண் ஒருத்தியை ஏற்பாடு செய்திருந்தார்கள். சொந்த அக்கா சரவணம்பட்டியில் இருக்க, இது என்ன நியாயம்? அன்றைக்கே ஜீப்பில் போகும்போது அத்தையிடம் சொன்னேன்.

"சீர் செய்யக் கொடுமுடி மண்டபத்துக்கு வந்துருங்கத்தை. லீடர் கூப்படறேன்."

அத்தை ஜீப்பை நிறுத்தினார். "அப்பிடியெல்லாம் வர முடியாது கண்ணு. ஊட்டுலிருந்து வெத்தலை பாக்கு வெச்சுக் கூப்படோணும். கூப்படாத சீருக்கு எப்பிடி வாரது?"

"ஆருங்க வெக்கோணும்?"

"ஊட்டுக்குப் பெரியவங்க."

"ஸ்குவாடுக்கு நாந்தானுங்க பெரியவ."

அத்தை சிரித்தார். சிரிப்பு பாதியில் நின்றுபோய், மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. பாலைவனத்தின் நடுவில் ஜீப் அப்படியே நின்றது.

சனிக்கிழமை காலையில் சாமி அலமாரித் தட்டிலிருந்து வெற்றிலையும் பாக்கும் எடுத்துப் பள்ளிக்கூடப் பைக்குள் வைத்துக்கொண்டேன். டியூஷன் என்று சொல்லிக் கிளம்பினேன். வழி தெரியாது. மாமா மகனுக்குத் தெரியும். மறுபடியும் ஸ்குவாடில் சேர்த்துக்கொள்கிறேன், கூட வா என்றேன். தோழனையும் சேர்க்க வேண்டும் என்று பேரம் பேசினான். நான் பேசாமல் நடக்கத் தொடங்கியதும் பின்னாலேயே ஓடி வந்தான். காந்திபுரத்தில் பஸ் மாறி, கூட்டத்தில் நசுங்கி, வெற்றிலை நசுங்காமல் பையை மட்டும் தலைக்குமேல் தூக்கிப் பிடித்தபடி சரவணம்பட்டியில் இறங்கினோம். கல்லூரிக்கு எதிர்ச் சந்து, மாடியில் நீலத் தண்ணீர்த் தொட்டி என்று அத்தை எப்போதோ விளையாட்டில் சொன்ன அடையாளம் நினைவில் இருந்தது.

கதவைத் திறந்தவர் கண்ணாடி போட்ட, குட்டையான ஒரு பெண். கையெல்லாம் மாவு. இவரா அத்தனை வேகமாக ஜீப் ஓட்டுகிறவர் என்று எனக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான். உள்ளே போய் ஒரு தட்டைக் கேட்டு வாங்கி, வெற்றிலை பாக்கை வைத்து நீட்டினேன்.

"சித்தப்பாவுக்குக் கல்யாணமுங்க. நீங்க வந்து சீர் செய்யோணும்."

அத்தை கையைக் கழுவித் துடைத்துவிட்டு வந்து, இரண்டு கையாலும் தட்டை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். அதற்கப்புறம்தான் பெரியவர்கள் துணையில்லாமல் வந்ததற்குத் திட்டு, பிறகு தோசை. அத்தை வீட்டு மாமா காரில் கொண்டுவந்து எங்கள் தெருமுனைக்கு முன்பாகவே இறக்கிவிட்டார். ஏன் வீடுவரை வரவில்லை என்று நாங்கள் கேட்கவில்லை.

கல்யாணத்தன்று அத்தையும் மாமாவும் வந்து, மண்டபத்தின் கடைசி வரிசையில் உட்கார்ந்தார்கள். சொந்தக்காரர்கள் எல்லோரும் பார்த்தார்கள். பார்த்துவிட்டு மின்விசிறி சரியாகச் சுற்றவில்லை என்று பேசிக்கொண்டார்கள். சீர் செய்துவைக்கிற அருமைக்காரர் மேடையிலிருந்து, "மாப்பிள்ளைக்குப் பொறந்தவ வாங்க" என்று கூப்பிட்டார். பங்காளி வீட்டுப் பெண் சேலையைச் சரிசெய்துகொண்டு எழுந்தாள்.

நான் நாற்காலிமேல் ஏறினேன். "அவங்க இல்லீங்க! எங்கத்தை வந்திருக்கறாங்க!"

அம்மா என் பாவாடையைப் பிடித்து இழுத்தார். நான் இறங்கவில்லை. மேடையில் இருந்த அப்பா திரும்பினார். கடைசி வரிசைப் பக்கம் அவர் பார்க்கவே இல்லை, என்னைத்தான் பார்த்தார்.

"இருக்கறாளா?"

தினமும் சாயங்காலம் கேட்கிற அதே குரல்.

"இருக்கறாங்க!" என்றேன். "கிக் பண்ண மாட்டேன்!"

அதற்கு என்ன அர்த்தம் என்று அந்த மண்டபத்தில் பாதிப் பேருக்குமேல் புரிந்திருக்காது. அப்பா அருமைக்காரரிடம், "கொஞ்சம் பொறுங்க" என்றார். பிறகு என்னிடம், "போய்க் கூட்டீட்டு வா" என்றார். அத்தை என் கையைப் பிடித்துக்கொண்டு மேடை ஏறினார், ஜீப் பறக்கும்போது நான் கட்டில் கம்பியைப் பிடிப்பேனே, அந்தப் பிடி. சித்தப்பா சேலைத் தலைப்பை நீட்டும்போது அழுதுவிட்டார். அப்பா, நன்றாக எரிந்துகொண்டிருந்த குத்துவிளக்குக்கு எண்ணெய் ஊற்றிக்கொண்டிருந்தார்.

அன்று முழுக்க நான் அப்பாவை ஜெயித்துவிட்டதாக மண்டபத்தில் நெஞ்சை நிமிர்த்தித் திரிந்தேன். அதன் பிறகு அவர் அந்தக் கேள்வியைக் கேட்கவே இல்லை. தோற்றவர் எப்படிக் கேட்பார் என்று நினைத்துக்கொண்டேன். கைப்பேசியை ஒரு நொடியில் பிடுங்கியிருக்கக்கூடிய மனிதர் ஏன் பிடுங்கவில்லை, கடையிலிருந்து வந்ததும் வராததுமாக ஏன் அதையே கேட்டார், காய்ச்சல் என்றதும் ஏன் துண்டோடு நின்றார் என்றெல்லாம் யோசிக்க எனக்கு அப்போது தோன்றவில்லை. தன் தங்கையைப் பற்றி அவரால் கேட்க முடிந்த ஒரே ஆள் நான்தான். தினமும் சாயங்காலம் தாடையைத் தூக்கிக்கொண்டு "இருக்கறாங்க" என்று சொன்னபோது, அப்பாவை எதிர்த்துப் பேசுகிறேன் என்றுதான் நினைத்தேன். அவருக்கு நல்ல சேதி சொல்கிறேன் என்று எனக்குத் தெரியவில்லை.