மார்க்கர் அண்ணனுக்கு வைத்த கெட்டில்

போன தை மாதம் பரணைச் சுத்தம் செய்தபோது என் மருமகள் ஒரு பழைய அலுமினியக் கெட்டிலைக் கீழே இறக்கினாள். மூக்கு ஒரு பக்கம் சாய்ந்து, அடியெல்லாம் கரிபிடித்து, கைப்பிடியில் சணல் சுற்றியது. “மாமா, பாத்திரக்காரன் வாசல்ல நிக்கிறான். இதப் போட்டுட்டு ஒரு பிளாஸ்டிக் வாளி வாங்கிக்கிறேன்” என்றாள். வீட்டில் குரல் உயர்த்துகிறவன் இல்லை நான். விடிந்ததும் குளித்து, திருநீறு பூசி, விராலிமலை இருக்கும் திக்கைப் பார்த்துக் கும்பிட்ட பிறகுதான் வாயைத் திறப்பேன். அப்படிப்பட்டவன் அன்றைக்குப் போட்ட சத்தத்தில் அந்தப் பாத்திரக்காரன் தராசைத் தூக்கிக்கொண்டு அடுத்த தெருவுக்கே போய்விட்டான். மருமகள் முகம் வாடிவிட்டது. பாவம், கோபம் அவள் மேல் இல்லை. அது நாற்பது வருஷத்துக் கோபம். யார் மேல் என்று இன்றாவது எழுதி வைக்கிறேன்.

எட்டாம் வகுப்போடு என் படிப்பு நின்றது. அன்னவாசல் பக்கத்திலிருந்து புதுக்கோட்டைக்கு வந்து, ஆபீசர்களும் வக்கீல்களும் கூடும் ஒரு கிளப்பில் டிபன் அறைச் சமையலுக்குச் சேர்ந்தேன். சமஸ்தானம் போய் ஏழெட்டு வருஷம் ஆகியிருக்கும். மகாராஜா காலத்துக் குதிரை லாயம் ஒன்றை இடித்துக் கட்டி, சிமெண்டுத் தரை போட்டு, நடுவில் வலை கட்டி, இறகுப்பந்து ஆடும் கூடமாக ஆக்கியிருந்தார்கள். ஊரெல்லாம் பையன்கள் தெருவில் மஞ்சள் கம்பளிப் பந்தை வைத்துப் பூப்பந்து ஆடிக்கொண்டிருந்த காலம் அது. வாத்து இறகு செருகிய இந்தப் பந்தைக் ‘காக்’ என்பார்கள். காக் விலை கூடியது என்பதால் பெரிய மனிதர்கள் மட்டும் ஆடினார்கள்.

அந்தக் கூடத்துக்கு ஒரு மார்க்கர் இருந்தார். மார்க்கர் என்றால் இப்போது யாருக்கும் தெரியாது. தரை கூட்டுவது, வலை கட்டுவது, பேட்டுக்கு நரம்பு கோப்பது, புள்ளி சொல்வது எல்லாம் அவர் வேலை. கூட ஆட ஆள் இல்லாத மெம்பருக்கு எதிரில் நின்று ஆடுவதும் அவர்தான். அதற்குத்தான் சம்பளம். என்னைவிடப் பத்து வயது மூத்தவர், அரிமளத்துக்காரர். நான் அவரை ‘மார்க்கர் அண்ணே’ என்று கூப்பிடுவேன். அவர் பெயரை அங்கே யாரும் சொல்லிக் கேட்டதில்லை.

நான் சேர்ந்த மறுநாள் காலை, இட்லிப் பானையில் ஆவி வந்துகொண்டிருக்கும்போது அவர் ஒரு காக் டப்பாவோடு வந்து நின்றார். இறகுக்கு ஆவி காட்டினால் ஒடியாமல் நாலு ஆட்டம் கூட வருமாம். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. வாத்து இறகு, அடியில் தக்கை, தக்கைமேல் ஆட்டுத் தோல். அதை நான் முருகனுக்குப் படைத்து எடுக்கும் இட்லிக்கு மேலேயா பிடிப்பது? “எட்டப் போங்கண்ணே!” என்று கத்திவிட்டேன். அவர் கோபித்துக்கொள்ளவில்லை. “சரிப்பா சாமியாரே, நீயே ஒரு வழி சொல்லு” என்றார். பழைய சாமான்களில் கிடந்த இந்தக் கெட்டிலை எடுத்து, கொல்லைப்புறத்தில் தனியாக ஓர் அடுப்பு மூட்டிக் கொடுத்தேன். அன்றிலிருந்து தினமும் காலையில் அங்கே குந்தியிருந்து, கெட்டில் மூக்கிலிருந்து வரும் ஆவியில் காக்குகளை ஒவ்வொன்றாகத் திருப்பித் திருப்பிக் காட்டுவார். நான் காப்பி கொண்டுபோய்க் கொடுப்பேன்.

அவர் ஆட்டத்தை முதலில் பார்த்தபோது எனக்குக் குழப்பமாக இருந்தது. தொப்பை வைத்த தாசில்தாரிடம் தோற்றார். மூச்சு வாங்கும் டாக்டரிடம் தோற்றார். பதினைந்து புள்ளி ஆட்டம். பதின்மூன்று, பதினான்கு வரை இழுத்துக்கொண்டு போவார், கடைசிப் புள்ளி மட்டும் மெம்பருக்குப் போய்விடும். “என்னண்ணே, இப்புடித் தோக்குறீங்க?” என்று கேட்டேன். சிரித்தார். “ஜெயிக்கிறது ஒண்ணும் பெரிசில்லடா. அவுக நிக்கிற எடத்துக்கு, அவுக கை நீட்டுற ஒசரத்துக்கு, பந்தப் பழம் மாதிரி கொண்டுபோய்க் கொடுக்கணும். அவுகளுக்கும் தெரியக் கூடாது. தெரிஞ்சா வேல போயிரும்” என்றார். அந்தக் கிளப்பின் வழக்கமே அதுதான். மார்க்கர் ஜெயித்தால் மெம்பர் மறுநாள் வர மாட்டார். பன்னிரண்டு வருஷம் அப்படித் தோற்றார்.

கிளப்பில் வருஷம் ஒரு போட்டி நடக்கும். திருச்சி, காரைக்குடியிலிருந்தெல்லாம் ஆட வருவார்கள். ஜெயித்தவர் பெயரைக் கூடத்துச் சுவரில் மாட்டியிருக்கும் தேக்குப் பலகையில் எழுதுவார்கள். எழுதுவதும் மார்க்கர்தான், அவருக்குக் கையெழுத்து முத்து முத்தாக இருக்கும். மஞ்சள் பெயிண்டில் ஒரு வருஷம் எழுதி முடித்துவிட்டு, தூரிகையைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: “ஒரே ஒரு வருஷம் தம்பி. இந்தப் பலகையில எம்பேர நானே எழுதிப்புடணும். அப்புறம் இங்கிட்டு யாருகிட்டத் தோத்தாலும் எனக்குச் சம்மதம்.” அவருக்கு வேறு ஆசை எதுவும் இருந்ததாக எனக்குத் தெரியாது. அடுத்த கிருத்திகைக்கு நான் விராலிமலைக்கு நடந்து போனேன். அண்ணன் பேர் பலகையில் ஏறினால் மொட்டை போடுகிறேன் என்று முருகனிடம் வேண்டிக்கொண்டேன். அவரிடம் சொல்லவில்லை.

அடுத்த வருஷம்தான் டென்மார்க் தேசத்து ஆட்டக்காரர் ஒருவர் வந்தார். வெள்ளைக்காரர் என்றால் துரை என்றுதான் எங்கள் வாயில் வரும். அதனால் டென்மார்க் துரை. அவர் நாட்டில் பெரிய ஆட்டக்காரராம், ஊர் ஊராகப் போய் ஆடிக் காட்டுகிறவராம். திருச்சிக்கு வந்தவர் சித்தன்னவாசல் சித்திரத்தைப் பார்க்க ஆசைப்பட்டிருக்கிறார். எங்கள் கிளப் செக்ரட்டரி ஐயா விடுவாரா? போகிற வழியில் நம் கிளப்பில் ஒரு பிற்பகல் ஆட வேண்டும் என்று பிடித்துவிட்டார். முந்தின நாள் மார்க்கர் அண்ணனைக் கூப்பிட்டு, “ஏப்பா, வக்கீல் தம்பிதான் அவரோட ஆடுது. தேவப்பட்டா நீயும் நிக்கணும். நல்லா ஆடிக் காட்டு, இந்த வருஷப் போட்டியில ஒம்பேரச் சேத்துவிடுறேன்” என்றார். நான் பக்கத்தில் நின்று காப்பி ஊற்றிக்கொண்டிருந்தேன். இரண்டு காதாலும் கேட்டேன்.

மறுநாள் கூடம் நிரம்பிவிட்டது. காற்று வராமல் கதவுகளைச் சாத்தியிருந்தார்கள். வக்கீல் தம்பி முந்தின வருஷத்துக் கிளப் சாம்பியன். நல்ல பிள்ளைதான், ஆனால் துரைக்கு முன்னால் இரண்டு புள்ளிதான் எடுத்தார். துரைக்கு வேர்க்கக்கூட இல்லை. பெஞ்சில் இருந்தவர்கள் கொட்டாவி விட ஆரம்பித்ததும் செக்ரட்டரி ஐயா மார்க்கரைக் கை காட்டினார். அண்ணன் வேட்டியை மடித்துக் கட்டி, செருப்பில்லாத காலோடு இறங்கினார்.

முதல் ஆட்டம் முழுக்க அண்ணன் கை பழைய வேலையைத்தான் செய்தது. துரை எங்கே நிற்கிறாரோ அங்கேயே கொண்டுபோய்க் கொடுத்தார். தோற்க வேண்டும் என்று நினைத்து அல்ல. பன்னிரண்டு வருஷத்தில் கை அப்படியே ஆகிவிட்டது. பதினைந்துக்கு ஆறு. துரை ஆட்டத்தை நிறுத்தி வலைக்குப் பக்கத்தில் வந்து ஏதோ சொன்னார். காலேஜ் லெக்சரர் ஒருவர் தமிழில் சொன்னார்: “நீ எனக்கு ஊட்டிவிடுற மாதிரி ஆடுறயாம். உன்னால வேற மாதிரி ஆட முடியும்னு அவருக்குத் தெரியுதாம். ஆடச் சொல்றார்.” அண்ணன் செக்ரட்டரி ஐயா முகத்தைப் பார்த்தார். அவர் சிரித்துத் தலையை ஆட்டினார்.

அதன்பிறகு நடந்ததை என்னால் எழுத முடியுமா தெரியவில்லை. துரை வலப்பக்கம் நின்றால் காக் இடப்பக்க மூலையில் விழுந்தது. பின்னால் போனால் வலையை ஒட்டி, தொட்டும் தொடாமலும், செத்த பூச்சி மாதிரி விழுந்தது. லாயத்து உத்தரம் எங்கே தாழ்வு, எங்கே உயரம் என்று அண்ணனுக்குக் கண்ணை மூடினாலும் தெரியும். இரண்டாம் ஆட்டம் அண்ணனுக்கு, பதினைந்து–பதினொன்று. மூன்றாவதில் துரை ஜெயித்தார், ஆனால் சட்டை பிழிகிற மாதிரி நனைந்துபோய், மூன்றே புள்ளி வித்தியாசத்தில்தான் ஜெயித்தார். முடிந்ததும் அண்ணன் கையைப் பிடித்து மேலே தூக்கிக் காட்டினார். நான் கரண்டியைக் கீழே போட்டுவிட்டுக் கை தட்டினேன்.

டிபன் அறைக்குள் துரை குனிந்துதான் வந்தார். ஆறு இட்லி சாப்பிட்டார். லெக்சரரை வைத்துக்கொண்டு, வாசலில் நின்ற அண்ணனைப் பார்த்து, எந்தெந்தப் போட்டியில் ஆடியிருக்கிறாய் என்று கேட்டார். அண்ணன் கூடத்துப் பலகை இருந்த பக்கம் திரும்பிப் பார்த்தார். துரை தன் கதையைச் சொன்னார். அவர் ஊரில் பேட் விற்கும் கடை ஒன்றில் அவருக்கு வேலை. கடைக்காரர் சம்பளமும் கொடுத்து, ஆடப்போக லீவும் கொடுக்கிறார். அவர் ஆடி ஜெயித்தால் கடையில் பேட் விற்கிறது. சொல்லிவிட்டுச் சிரித்தார். எல்லோரும் சிரித்தார்கள். செக்ரட்டரி ஐயாவும் சிரித்தார். அந்தச் சிரிப்பை நான் மறக்க மாட்டேன்.

பத்து நாளில் போட்டிக்கான பெயர்ப் பட்டியலை ஒட்டினார்கள். மேலிருந்து கீழே மூன்று தடவை படித்தேன். அண்ணன் பெயர் இல்லை. செக்ரட்டரி ஐயாவுக்குக் காப்பி கொண்டுபோனபோது அண்ணன் அங்கே கைகட்டி நின்றுகொண்டிருந்தார்.

“சொன்னீங்களேய்யா.”

“சொன்னேம்ப்பா. கமிட்டியில ஒத்துக்கலயே. இது அமெச்சூர் போட்டி. ஆட்டத்துக்குச் சம்பளம் வாங்குறவன் ஆடக் கூடாதுன்னு ரூல். நீ கிளப்புச் சம்பளக்காரன்.”

“வலை கட்டுறதுக்கும் கூட்டுறதுக்கும்தானய்யா சம்பளம்?”

“மெம்பர்களோட ஆடுறயில்ல? அதுவும் சம்பளத்துக்குத்தான? வம்பு பண்ணாத. துரையவே ஜெயிக்கப் பாத்தவன்னு ஊரெல்லாம் ஒம்பேச்சுதான், அது போதாதா?”

எனக்குத் தாங்கவில்லை. “துரையும் பேட்டுக் கடையில சம்பளம் வாங்கித்தானய்யா ஆடுறாரு? அவருக்கு மால போட்டீங்களே” என்றேன். செக்ரட்டரி ஐயா என்னை மேலும் கீழும் பார்த்து, “காப்பியில சீனி பத்தல” என்றார். அவ்வளவுதான் பதில்.

எது என்னை எரித்தது என்று சொல்கிறேன். கடைச் சம்பளத்தில் ஆடினால் வீரர். கிளப்புச் சம்பளத்தில் ஆடினால் ஆள்காரன். அப்பன் சொத்தில் ஆடினால் அமெச்சூர். தோற்பதற்கு அவருக்குச் சம்பளம் கொடுத்தார்கள்; அந்தச் சம்பளத்தையே காட்டி, ஜெயிக்க உனக்கு உரிமை இல்லை என்றார்கள். இதை எந்தச் சாமி ஒத்துக்கொள்ளும்? அன்று சாயந்திரம் முருகன் படத்துக்கு முன்னால் விளக்கேற்றிவிட்டு நான் கும்பிடவில்லை. கேள்விதான் கேட்டேன்.

வக்கீல் தம்பிதான் அந்த வருஷமும் ஜெயித்தார். பலகையில் பெயர் எழுத அண்ணனைத்தான் கூப்பிட்டார்கள். அதையாவது வேறு ஆளிடம் கொடுத்திருக்கலாம், யாருக்கும் தோன்றவில்லை. ஏணிமேல் நின்று அவர் எழுதினார். நான் கீழே ஏணியைப் பிடித்துக்கொண்டிருந்தேன். எழுத்து ஒரு சுழிகூடக் கோணவில்லை.

மறுநாள் காலை எப்போதும்போல வந்து, இந்தக் கெட்டிலில் தண்ணீர் வைத்து, காக்குக்கு ஆவி காட்டினார். வக்கீல் தம்பி பழக்கத்துக்கு ஆட வந்திருந்தார். செக்ரட்டரி ஐயாவும் இரண்டு மூன்று மெம்பர்களும் பெஞ்சில் இருந்தார்கள். ஆட்டம் தொடங்கி நாலைந்து புள்ளி போன பிறகுதான் அவர்களுக்கு விளங்கியது. அன்றைக்கு ஒரு காக்குகூட வக்கீல் தம்பி கைக்கு வரவில்லை. “மார்க்கர், என்னப்பா இது?” என்று செக்ரட்டரி ஐயா குரல் கொடுத்தார். அண்ணன் திரும்பவில்லை. வழக்கம்போல அவரே புள்ளி சொல்லிக்கொண்டு ஆடினார். “ஒம்பதுக்கு சைபர்... பத்துக்கு சைபர்...” கதவோரம் நின்ற எனக்கு அது கோயில் மணி மாதிரி கேட்டது. “பதினஞ்சுக்கு சைபர்” என்று சொல்லி முடித்து, வக்கீல் தம்பிக்கு ஒரு கும்பிடு போட்டு, பேட்டை ஆணியில் மாட்டினார். யாரும் அவரைப் போகச் சொல்லவில்லை. அவரே போனார்.

போகும்போது கொல்லைப்புறம் வந்தார். கெட்டில் இன்னும் சூடாக இருந்தது. “தம்பி, இத இனிமே ஒன் அடுப்பில வச்சுக்கோ. இனி தோலு, எறகு எதுவும் வராது” என்றார். கிண்டலாகத்தான் சொன்னார். எனக்குத்தான் சுருக்கென்றது. அவர்கள் பட்டியலில் சேர்க்காமல் அவரைத் தனியாக நிறுத்தியதற்கு இத்தனை கொதித்தேனே, என் அடுப்பிலிருந்து அவரைத் தனியாகக் குந்த வைத்தவன் நான்தானே? தோலுக்குத்தான் தனி அடுப்பு என்று சொல்லிக்கொண்டேன். ஆனால் காப்பியையும் வெளியில்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன். ஒரு நாளும் உள்ளே வந்து உட்காருங்கள் என்று சொன்னதில்லை. அன்று கையைப் பிடித்து உள்ளே இழுத்து, பலகை போட்டு உட்கார வைத்து, முருகனுக்குப் படைத்த இட்லியை எடுத்துப் போட்டேன். “என்னடா சாமியாரே, சாமி கோவிச்சுக்காதா?” என்றார். “கோவிச்சா எம்மேல கோவிக்கட்டும்” என்றேன்.

அந்த வாரமே விராலிமலைக்குப் போய் மொட்டை போட்டுக்கொண்டு வந்தேன். தாசில்தார் பார்த்துவிட்டு, “என்ன வேண்டுதல்?” என்று கேட்டார். “எங்க அண்ணன் ஜெயிச்சாருங்க” என்றேன்.

அண்ணன் பிறகு திருச்சியில் ஒரு கடையில் பேட்டுக்கு நரம்பு கட்டிக்கொண்டிருந்தார். இரண்டு தடவை போய்ப் பார்த்தேன். காலமாகி வெகுநாள் ஆகிறது. இப்போது ஆட்டக்காரர்களுக்குச் சர்க்கார் வேலை தருகிறது, கம்பெனிகள் சம்பளம் தருகின்றன என்று பேப்பரில் படிக்கிறேன். நல்லது, நன்றாக இருக்கட்டும். படித்துவிட்டு மடித்து வைக்கும்போது மனசு மட்டும் பழைய லாயத்துக்குப் போய் நிற்கிறது.

மருமகளிடம் இதையெல்லாம் சொன்னேன். கெட்டிலைப் புளி போட்டுத் துலக்கி, எங்கே வைக்கட்டும் என்று கேட்டாள். பூஜை அறையைக் காட்டினேன். முருகன் அபிஷேகத்துக்கு இப்போது அதில்தான் தண்ணீர் காய்கிறது. அடியில் இருந்த கரி மட்டும் எவ்வளவு தேய்த்தும் போகவில்லை. போக வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.