தையில் பழுத்த வேம்பு

நான் தாவரவியல் படித்தவள். இதை முதலிலேயே சொல்லிவிட்டால்தான் நான் செய்த காரியத்தின் முட்டாள்தனம் முழுதாகப் புரியும்.

போன தை மாதம் ஆட்டையாம்பட்டிப் பக்கம் நாங்கள் புதிதாக வாங்கிய தோட்டத்துக்கு ஐந்து வயது மகளுடன் போயிருந்தேன். வேலியோர மரத்தில் மஞ்சள் மஞ்சளாய்ப் பழங்கள். மைனாக்கள் கொத்திக்கொண்டிருந்தன. வேப்பம்பழம்தான், பறவை தின்பதை நாமும் தின்னலாம் என்று ஒன்றைப் பறித்து மகளின் வாயருகே கொண்டுபோனேன்.

மரவள்ளிக்கிழங்கு பிடுங்க வந்திருந்த செல்வி ஓடிவந்து என் கையைத் தட்டிவிட்டார். பழம் மண்ணில் விழுந்தது. கூலிக்கு வந்தவர் என் கையை அடிப்பதா என்று எனக்குச் சுள்ளென்று கோபம் வந்தது.

“வேப்பம்பழந்தானே செல்வி?”

“வேம்பு ஆடியிலயே உதுந்து போச்சுங்க அம்மணி. வருசா வருசம் கொட்டை பொறுக்கறவ நானு. தையில எந்த வேம்புங்க பழுக்கும்?”

நிமிர்ந்து இலையைப் பார்த்தேன். வேம்புக்கு ஒரே காம்பின் இருபுறமும் இலை இருக்கும். இதில் காம்பிலிருந்து சிறு காம்புகள் பிரிந்து, அவற்றில் இலைகள் இருந்தன. மலைவேம்பு. மைனாவை ஒன்றும் செய்யாத அந்தப் பழம் மனிதருக்கு நஞ்சு என்று தேர்வில் எழுதியே மதிப்பெண் வாங்கியிருக்கிறேன்.

“இது என்ன மரம்னு உங்களுக்குத் தெரியுமா?” என்று கேட்டேன்.

“தெரியாதுங்க. தெரியாததப் புள்ளைக்குக் குடுப்பாங்களா?” என்றபடி கிழங்கு பிடுங்கப் போய்விட்டார்.

மரத்தின் பெயர்கூடத் தெரியாமல் அவர் என் மகளைக் காப்பாற்றினார். பெயர் தெரிந்த நான்தான் ஊட்டப் போனேன்.