சண்டைக்காரக் குடும்பத்தால் பிழைத்தேன்

எங்கள் திருக்காட்டுப்பள்ளிக்குக் கேபிள் டிவி வந்த புதிதில், எந்நேரமும் சண்டை போடும் ஒரு குடும்பத்தைப் பற்றிய சிரிப்புத் தொடர் ஓடியது. அப்பன் புளுகன், அம்மா வாயாடி, பிள்ளைகள் அதற்கும் மேல். நானும் என் மகள் மெர்சியும் ஒரு வாரம்கூட விட்டதில்லை. அவள் வேலைக்குச் சிங்கப்பூர் போன பிறகும், ஞாயிறு மாலைகளில் அதே தொடரை இணையத்தில் ஆளுக்கொரு பக்கம் போட்டுக்கொண்டு, போனில் பேசியபடியே பார்ப்போம். அந்த அப்பன் வாய் திறப்பதற்குள், "இந்த வீட்ல நான் ஒருத்தன்தான் யோக்கியன்!" என்று நான் முந்திக்கொள்வேன்.

போன வருடம் ஒரு ஞாயிறு, மனைவி பூசைக்குப் போயிருந்தாள். வழக்கம்போல வசனத்தைச் சொன்னேன். மெர்சி சிரிக்கவில்லை.

"அப்பா, என்ன சொன்னீங்க? திரும்பச் சொல்லுங்க."

சொன்னேன். சரியாகத்தான் சொன்னேன் என்று நினைத்தேன்.

"வாய் குழறுதுப்பா. எழுந்திரிக்காதீங்க, அப்படியே உட்காருங்க."

எனக்குக் கோபம்தான் வந்தது. அதற்குள் அவள் பக்கத்து வீட்டு தேவராஜைப் போனில் பிடித்துவிட்டாள். அவர் காரோடு வந்தபோது என் வலது கையைத் தூக்க முடியவில்லை. அப்போதுதான் பயந்தேன்.

தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் பக்கவாதம் என்றார்கள். "தூங்கி எழுந்தா சரியாயிடும்னு படுத்திருந்தீங்கன்னா கை போயிருக்கும்" என்றார் டாக்டர். அந்தக் கையால்தான் இதை எழுதுகிறேன்.

இரத்தக் கொதிப்பு மாத்திரையை இப்போது ஒரு நாளும் விடுவதில்லை. யாருக்காவது திடீரென்று பேச்சு குழறினால், படுக்க வைக்காமல் உடனே வண்டியில் ஏற்றுங்கள். தொடரை மட்டும் நாங்கள் நிறுத்தவில்லை. இப்போது வீடியோ காலில் பார்க்கிறோம். என் முகமும் தெரிய வேண்டுமாம் மெர்சிக்கு.