தண்ணீர் குடித்தால் போய்விடும்

என் கண் கிளினிக் டெக்சாஸில், ஃபிரிஸ்கோவில் இருக்கிறது. வருகிறவர்களில் பாதிப் பேர், நாள் முழுக்கத் திரையைப் பார்த்துக் கண் எரிகிறது என்று சொல்லும் நம் ஊர் ஐ.டி.க்காரர்கள். அவர்களுக்கு நடுவே ஒருநாள், நசுங்கிப்போன காதுகளோடும் இரண்டு முறை உடைந்த மூக்கோடும் ஒரு பிரேசில்காரர் உட்கார்ந்திருந்தார். கையில் ஒரு படிவம். கூண்டுக்குள் இறங்கிச் சண்டை போடுவது அவருடைய தொழில். அதற்கான லைசென்ஸைப் புதுப்பிக்கக் கண் டாக்டரின் கையெழுத்து வேண்டும்.

பச்சையாகச் சொல்கிறேன், எனக்கு அந்த விளையாட்டு பிடிக்காது. கண்ணைக் காப்பாற்றுவதற்காக இத்தனை வருடம் படித்துவிட்டு, முகத்தில் குத்து வாங்கப் போகிறவருக்கு நான் ஏன் கையெழுத்துப் போட வேண்டும் என்று முகத்தைக் கடுகடுவென்றுதான் வைத்திருந்தேன். கண்ணின் பாப்பாவை விரிக்கும் சொட்டு மருந்தை எடுத்ததும் அந்த மனிதர் நாற்காலியின் கைப்பிடிகளை இறுகப் பிடித்துக்கொண்டார்.

“பயமா?” என்றேன்.

“கொஞ்சம்” என்றார்.

அதற்குப் பிறகு கடுகடுப்பைத் தொடர முடியவில்லை.

மருந்து வேலை செய்ய அரை மணி நேரம் ஆகும். அந்த அரை மணி நேரத்தில், தட்டுத்தடுமாறிய ஆங்கிலத்தில் தன் கதையைச் சொன்னார். வடக்கு பிரேசிலில் ஒரு ஆற்றங்கரை நகரத்தில் பிறந்தவர். ஒன்பது வயதில் ஜியுஜிட்சு என்னும் பிடிச்சண்டை கற்கத் தொடங்கி, இருபத்து நான்கு வயதில் டெக்சாஸ் வந்தார். காலையில் பயிற்சி, மாலையில் ஒரு ஹோட்டலில் கம்பியில் சுட்ட இறைச்சியை மேஜை மேஜையாகக் கொண்டுபோய் அரிந்து போடும் வேலை. மாட்டுச் சந்தை நடக்கும் கொட்டகைகளிலும் கல்யாண ஹால்களிலும் சண்டை போட்டிருக்கிறார். டி.வி.யில் காட்டும் பெரிய நிறுவனம் ஒன்றிடமிருந்து என்றைக்காவது அழைப்பு வரும் என்று காத்திருந்தார். அப்போது அவருக்கு முப்பத்தொரு வயது.

கண்கள் இரண்டும் சுத்தமாக இருந்தன. கையெழுத்துப் போட்டேன். வெளியே ஏழு பேர் காத்திருந்தார்கள். நான் எழுந்து கதவின் பிடியில் கையை வைத்தபோதுதான் அவர் அந்தக் கேள்வியைக் கேட்டார்.

சண்டைக்கு முந்தைய வாரம் அவர்கள் எடையைக் குறைப்பார்கள். உப்பை நிறுத்தி, தண்ணீரை நிறுத்தி, வெந்நீர்த் தொட்டியில் படுத்து, எடை பார்க்கும் காலைக்குள் எட்டு ஒன்பது கிலோவை வியர்வையாக இறக்கிவிடுவார்கள். எடை பார்த்து முடிந்ததும் மறுபடி தண்ணீர் குடித்து ஏற்றிக்கொள்வார்கள். அந்த வாரத்தில் கண்ணுக்குள் பொறி பறக்கிறதே, கரும்புள்ளி மிதக்கிறதே, அது ஏன் என்று கேட்டார்.

“உடம்பில் தண்ணீர் இல்லாவிட்டால் அப்படித்தான் இருக்கும். தண்ணீர் குடித்தால் போய்விடும்” என்று சொன்னேன்.

ஒரு கண்ணிலா, இரண்டு கண்ணிலுமா என்று கேட்கவில்லை. போகாவிட்டால் உடனே வாருங்கள் என்று சொல்லவில்லை. படிக்கிற காலத்தில் இதைக் கேட்காமல் விட்ட மாணவனைப் பேராசிரியர் வெளியே அனுப்பியதைக் கண்ணால் பார்த்தவள்தான் நான். அன்று எனக்கு அடுத்த நோயாளிதான் பெரிதாகத் தெரிந்தார்.

அவர் வருடா வருடம் வந்தார். வரும்போதெல்லாம் அவர் மனைவி செய்த, பாலாடைக்கட்டி வைத்த குட்டி ரொட்டிகளைக் காகிதப் பையில் கொண்டு வருவார். என் கணவர் அந்த ரொட்டிக்காகவே அவருடைய சண்டைகளைப் பார்க்கத் தொடங்கினார் என்று நான் கிண்டல் செய்வேன். ஜெயித்தால் ஞாயிற்றுக்கிழமை காலையில் காபியோடு செய்தி வரும். தோற்றால் கணவர் வாயைத் திறக்க மாட்டார்.

நான்கு வருடம் கழித்து, முப்பத்தைந்து வயதில், அவருக்கு அந்த அழைப்பு வந்தது. படிவத்தை இரண்டு கையாலும் நீட்டினார். கண்கள் அப்போதும் சுத்தமாகவே இருந்தன. சண்டைக்கு இன்னும் இரண்டு மாதம் இருந்தது.

சண்டை நடந்த மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. நாங்கள் ஹனுமார் கோவிலுக்குப் போயிருந்தோம். காரை நிறுத்தியதும் கணவர் சொன்னார்.

“உன் பேஷன்ட் நேத்து ஜெயிச்சுட்டான். பாயின்ட்ஸ்லதான், ஆனாலும் ஜெயிச்சுட்டான். ஒண்ணுதான் புரியலை. ஒரு பக்கமா வந்த பன்ச் எதையுமே அவன் பிளாக் பண்ணலை.”

“எந்தப் பக்கம்ங்க?”

“லெஃப்ட்.”

“வீடியோவை எடுங்க.”

கார் பார்க்கிங்கில் நின்றபடி அந்தச் சின்னத் திரையில் பார்த்தேன். எதிராளியின் வலது கை வந்துகொண்டே இருந்தது. அவர் தலை அசையவில்லை. அடி விழுந்த பிறகுதான் திரும்பினார். செருப்பைக் கழற்றப் போனவள் அப்படியே திரும்பி அவருக்குப் போன் செய்தேன்.

சந்தோஷமாகத்தான் பேசினார். இடது கண்ணைப் பற்றி நான் கேட்ட பிறகே குரல் இறங்கியது. ஒன்பது நாளாகப் பொறி பறந்ததாம். எடை பார்த்த காலையில், இடது ஓரமாகவும் மேலேயும் திரை இழுத்துவிட்டது போல இருட்டாம்.

“நெறைய தண்ணி குடிச்சுட்டேன் டாக்டர். இன்னும் போகலை. இந்தத் தடவை எடை ரொம்பக் குறைச்சுட்டேன், அதான் லேட்டாகுது போல” என்றார்.

கிளினிக்கைத் திறந்து, அவர் வந்ததும் பார்த்தேன். விழித்திரை கிழிந்து, முக்கால்வாசி கழன்று, நடுவிலும் பிரிந்து தொங்கியது. முதல் நாள் பொறி பறந்தபோதே வந்திருந்தால், நாற்காலியில் உட்கார வைத்து லேசர் கொடுத்துக் கால் மணி நேரத்தில் வீட்டுக்கு அனுப்பியிருப்பேன். எனக்குத் தெரிந்த அறுவை மருத்துவர் மறுநாளே ஆபரேஷன் செய்தார். ஆறு வாரம் கழித்து மறுபடி கழன்றது, மறுபடி செய்தார். தழும்பு விழுந்து கண் சுருங்கத் தொடங்கியது. கடைசியில் அந்தக் கண்ணில் வெளிச்சம் இருக்கிறதா இல்லையா என்பது மட்டும் தெரிந்தது. இருபத்தாறு வருடம் உழைத்து அடைந்த அந்த மேடையில் அவர் ஒரே ஒரு முறை நின்றார், அதிலும் ஜெயித்தார், அதோடு முடிந்தது.

நான் சொன்னதை அவரிடம் ஒப்புக்கொள்ள வேண்டும் என்று ஒருநாள் இரவு கணவரிடம் சொன்னேன். கணவர் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைத்தார்.

“லாயரைக் கேக்காம ஸாரி கீரின்னு எதுவும் சொல்லிடாத. நாலு வருஷம் முன்னாடி வாசல்ல நின்னு சொன்னது. யாருக்கு ஞாபகம் இருக்கப்போகுது?”

எனக்கு ஞாபகம் இருந்தது. அதுதான் தூங்க விடவில்லை. ஆபரேஷனுக்குப் பிறகு மூன்று முறை அவர் பரிசோதனைக்கு வந்தார். மூன்று முறையும் நான் கண்ணை மட்டும் பார்த்து அனுப்பினேன். கோழைத்தனம்தான், வேறு பெயர் கிடையாது.

நான்காம் முறை சொல்லிவிட்டேன். முதல் வருடம் கதவருகே நின்று நான் சொன்னது அரைகுறை, பொறி பறந்தால் உடனே வரச் சொல்லியிருக்க வேண்டும், தப்பு என்னுடையது என்றேன். அவர் கத்துவார் என்று எதிர்பார்த்தேன். கத்தியிருந்தால் தேவலை.

அவர் கேட்டார். “அப்போ அது தப்பா டாக்டர்?”

“தப்பு.”

“நான் ஜிம்ல எல்லார்கிட்டயும் அதைச் சொல்லியிருக்கேனே. டாக்டரே சொன்னாங்க, பயப்படாதீங்க, தண்ணி குடிங்கன்னு. நாலு வருஷமா சொல்றேன்.”

அவர் தன் கண்ணைப் பற்றிப் பேசவே இல்லை. எழுந்து சட்டையைச் சரிசெய்துகொண்டு, “நீங்க வந்து மாத்திச் சொல்லணும். நான் சொன்னா, பாவம், கண்ணு போன சோகத்துல பேசுறான்னு நினைப்பாங்க” என்றார்.

அடுத்த சனிக்கிழமை காலை அந்த ஜிம்முக்குப் போனேன். டயர்க் கடைக்கும் பூனை நாய் ஆஸ்பத்திரிக்கும் நடுவே ஒரு தகரக் கொட்டகை. வியர்வையும் பினாயிலும் கலந்த வாசம். செருப்பைக் கழற்றச் சொன்னார்கள். வெறுங்காலோடு அந்த நீல மெத்தையில் ஏறி நின்றேன். பதினைந்து பேர் அரை வட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். அவர் என் பக்கத்தில் நின்றார்.

என் தப்பை முதலில் சொன்னேன். பிறகு, ஒரு கண்ணில் பொறி பறந்தாலோ, கரும்புள்ளிகள் திடீரென்று கூடினாலோ, எடை குறைக்கும் வாரமானாலும் சரி, சண்டைக்கு முந்தைய நாளானாலும் சரி, அன்றே கண் டாக்டரிடம் வர வேண்டும் என்றேன். இரண்டாவது முறையும் சொன்னேன்.

அவர் அவர்களைப் பார்த்து, “யாருக்காவது இப்போ அப்படி இருக்கா?” என்று கேட்டார்.

வரிசையை ஒரு பார்வை பார்த்தார். அவர் தலையாட்டிவிட்டு என் பக்கம் திரும்பி, நல்லவேளை, யாருக்கும் இல்லை என்றார்.

அவருக்கு இடது பக்கம், வரிசையின் கடைசியில், விரல்களில் வெள்ளை டேப் சுற்றிய ஒரு பெண் கையைத் தூக்கியபடி உட்கார்ந்திருந்தாள்.