ஹற்சுமியின் இடது காது

யாரையாவது விட்டுக்கொடுக்கச் சொல்ல வேண்டியிருந்தால் ஹற்சுமி வாய் திறக்கமாட்டாள். இடது காதுச் சோணையை இரண்டு விரலால் பிடித்து ஒருமுறை இழுப்பாள். அவ்வளவுதான். பக்கத்தில் நின்று வேலை செய்த கஜந்திக்கு முதல் மாதத்திலேயே இது பிடிபட்டுவிட்டது; பிறகு வருடக்கணக்காகப் பார்த்தாள்.

இருவரும் சிட்னியில், வெஸ்ட்மீட்டில் ஓர் ஆஸ்பத்திரிக் குசினியில் சாப்பாட்டு வண்டி தள்ளினார்கள். இரண்டு வண்டி ஒரே கதவுக்கு வந்தால் ஹற்சுமி காதை இழுப்பாள். கஜந்தி பின்னால் போவாள். ஞாயிற்றுக்கிழமைக்கு ஆள் இல்லையென்றால் ஹற்சுமி காதை இழுப்பாள்; கஜந்தியின் ஞாயிறு போய்விடும். ஆனால் அதற்கு முந்தைய ஞாயிறு ஹற்சுமியுடையது போயிருக்கும். அதனால் சண்டை பிடிக்கவும் வழியில்லை.

கஜந்தி யாழ்ப்பாணத்தில் பொருளியல் பட்டம் எடுத்தவள். அவள் வீட்டில் பட்டமளிப்பு உடுப்புப் போட்ட முதல் ஆள். பொருளியல் படித்தவள் ஏன் தட்டுத் தூக்குகிறாள் என்று அவளிடம் யாரும் கேட்கவில்லை. அந்தக் குசினியில் ஒரு பல் டொக்டரும் இருந்தார்.

ஹற்சுமி ஜப்பானிலிருந்து வந்தது 2009இல், சமையல் படிக்க. அந்த வருடங்களில் சிட்னிக்கு வந்தவர்களில் பாதிப்பேர் சமையல் படித்தார்கள், மற்றப் பாதி முடிவெட்டப் படித்தார்கள். நிரந்தர வதிவிடத்துக்கு அதுதான் வழி என்று ஏஜென்டுகள் சொல்லியிருந்தார்கள். ஹற்சுமிக்கு முட்டை அவிக்கத் தெரியாது. அவளுக்குத் தெரிந்தது சொஃப்ட்போல், பேஸ்போலின் தங்கை ஆட்டம்.

ஜப்பானில் கம்பனிகள் தங்கள் பெயரில் பெண்கள் அணி வைத்திருக்கும். ஹற்சுமியின் கம்பனி போத்தல் மூடி செய்தது. காலையில் மூடி, பின்னேரம் பந்து. அணியில் அவளுடைய வேலை பன்ட் செய்வது. அதாவது மட்டையை வீசாமல் குறுக்கே பிடித்து, வரும் பந்தைக் காலடியில் சாகவிடுவது. அடித்தவள் அநேகமாக அவுட். அந்த நேரத்துக்குள், முன்னமே மைதானத்தில் நிற்கும் தோழி ஒரு தளம் முன்னேறிவிடுவாள். கடைசித் தளத்துக்குப் பெயர் வீடு; வீடு வந்தால் ஒரு புள்ளி. ஒருமுறை தேசிய அணிக்கும் அவளை எடுத்தார்கள். மூன்று கிழமைச் சுற்றுப்பயணத்தில் ஒரேயொரு தடவை மட்டை பிடிக்கவிட்டார்கள். பயிற்றுநர் இடது காதை இழுத்தார். பன்ட். அவுட். நாட்டுக்காக அவள் விளையாடியது அவ்வளவு. பிறகு போத்தல் மூடி விற்காமல் போனது. கம்பனி முதலில் அணியைத்தான் மூடியது.

கிரவீனில் பெண்கள் சொஃப்ட்போல் அணி உருவானது பெண்கள் முன்னேற்றத்துக்காக அல்ல. அங்குள்ள தமிழ்ச் சங்கத்து ஆண்களுக்குச் சனிக்கிழமைக் கிரிக்கெட்டுக்கு மைதானம் வேண்டியிருந்தது. பெண்களுக்கும் ஒரு அணி இருந்தால்தான் மைதானம் என்று கவுன்சில் சொல்லிவிட்டது. பதினொரு வருடமாகத் தற்காலிகத் தலைவராக இருக்கும் கணேசலிங்கம் அங்கிள் அன்றிரவே மகளிர் விளையாட்டில் நம்பிக்கை கொண்டார். பெயர் வைக்கும் கூட்டத்தில் யாரோ ஒரு மிருகத்தின் பெயரைத் தொடங்க, எல்லோருக்கும் ஒரே நேரத்தில் இருமல் வந்தது. கடைசியில் ‘கிரவீன் மயில்கள்’ என்று முடிந்தது.

பயிற்றுநர் வேண்டும் என்றபோது கஜந்தி குசினியிலிருந்து ஹற்சுமியைக் கூட்டிவந்தாள்.

“என்ன பேர் பிள்ளை?” என்றார் அங்கிள்.

“ஹற்சுமி.”

“நல்லது. சுமி ரீச்சர்.” அதோடு பெயர் மாறிவிட்டது.

பெண்களில் பாதிப்பேர் பள்ளிக்கூடத்தில் எல்லே ஆடியவர்கள். மூங்கில் தடியால் பந்தை வானத்துக்கு அனுப்பிப் பழகியவர்கள். சென்னையிலிருந்து வந்த ராதாவுக்கு அடிக்க வராது, ஆனால் ரயிலைத் துரத்துகிறவள் மாதிரி ஓடுவாள். கஜந்தி அடித்தால் பந்து வேலிக்கு வெளியேதான். முதல் மாதத்திலேயே அங்கிளின் புதுக் கம்ரியின் பக்கக் கண்ணாடி போனது. அவர் சிரித்துக்கொண்டே காரை அடுத்த தெருவில் விடத் தொடங்கினார்.

ஹற்சுமிக்கு அந்த அடி பிடித்தது என்று சொல்லமுடியாது.

“உன்னுடைய அடி அழகு,” என்றாள் அவள். இருவரும் பேசியது உடைந்த இங்கிலிஷ். இரண்டும் ஒரே இடத்தில் உடைந்திருந்ததால் வசதியாக இருந்தது. “ஆனால் அழகு, புள்ளி இல்லை.”

“அழகும் புள்ளியும் ஒண்டாய் வந்தால்?”

ஹற்சுமி யோசித்தாள். “அப்படி ஒருநாளும் எனக்கு வரவில்லை,” என்றாள்.

2011இல் மயில்கள் இறுதியாட்டத்துக்கு வந்தார்கள். கஜந்தி அன்று குவேக்கர்ஸ் ஹில்லில் இருந்து புருஷன் வீட்டு மாமியையும் இரண்டு மச்சாள்மாரையும் வரச்சொல்லியிருந்தாள். இரண்டு வருடமாகச் சனிக்கிழமைகளில் அவள் வீட்டைவிட்டு வெளிக்கிடுவது எதற்கு என்று அவர்கள் ஒருமுறை பார்க்கட்டும். ஒரேயொரு அடி. வேலிக்கு வெளியே. அதற்குப் பிறகு பேச்சு இருக்காது.

அவள் கேட்டபடியே நேரமும் அமைந்தது. கடைசி இன்னிங்ஸ். புள்ளி சமன். மூன்றாம் தளத்தில் ராதா. மட்டையோடு கஜந்தி. எதிரணிப் பிள்ளை களைத்துப்போய், பந்தைக் கஜந்திக்குப் பிடித்த உயரத்தில், பிடித்த வேகத்தில் போட்டுக்கொண்டிருந்தாள். சனம் “அடி பிள்ளை, அடி” என்றது. ஜசிந்தன், அவள் புருஷன், கமராவைத் தூக்கிப் பிடித்தான்.

கஜந்தி ஹற்சுமியைப் பார்த்தாள். ஹற்சுமி இடது காதை இழுத்தாள்.

பந்து வந்தது. மட்டை குறுக்கே போனது. பந்து காலடியில் விழுந்து கிடந்தது. கஜந்தி அவுட். ராதா வீடு வந்து சேர்ந்தாள். மயில்கள் சம்பியன்.

ராதாவைத் தோளில் தூக்கினார்கள். அங்கிள் மைக்கில், “ராதாவின் ஓட்டம் எங்கள் சமூகத்தின் ஓட்டம்,” என்றார். ராதா இறங்கி வந்து கஜந்தியிடம், “நான் சும்மா ஓடினேன், நீதானே பண்ணே,” என்றாள். ஆனால் அவளிடம் மைக் இல்லை.

மாமி கதிரையிலிருந்து எழும்பினாள். “பந்தைத் தொட்டுப்போட்டு ஓடினாய். அதிலயும் அவுட். இதுக்கோ பிள்ளை ரெண்டு வருஷம் வெளிக்கிட்டனீ?”

திங்கட்கிழமை குசினியில் ஹற்சுமி வண்டியை நிறுத்தி, கஜந்திக்கு முன்னால் இடுப்பு மடிய வணங்கினாள். “ஒரு முழு வீச்சு. நான் உனக்குக் கடன். நானே பந்து போடுவேன், நீ அடி.”

“உங்கட பயிற்றுநரும் இப்பிடித்தான் சொன்னவரோ?”

“சொன்னார்.”

“தந்தவரோ?”

“ஓய்வு பெற்றுவிட்டார்,” என்றாள் ஹற்சுமி.

கிண்ணம் வந்ததும் கவுன்சில் மகிழ்ந்து, மைதானத்தைச் சங்கத்துக்கு ஐந்து வருடம் எழுதிக்கொடுத்தது. அங்கிள் மயில்களுக்கு நன்றி சொல்லி அவர்களை ஓய்வெடுக்கச் சொன்னார். அந்த ஓய்வு இன்னும் முடியவில்லை. பெண்களின் பயிற்சி நேரத்தில் ஐம்பது வயதுக்கு மேற்பட்டோரின் கிரிக்கெட் நடந்தது.

ஆனால் அந்த இறுதியாட்டத்தைப் பசிபிக்கிலுள்ள ஒரு சின்னத் தீவு நாட்டின் விளையாட்டு அதிகாரி பார்த்திருந்தார். இவ்வளவு பலமாக அடிக்கக்கூடிய ஒருத்தியை அடிக்காமல் இருக்கச்செய்த பயிற்றுநர் யார் என்று விசாரித்தார். 2012இல் ஹற்சுமி அந்த நாட்டின் தேசியப் பயிற்றுநரானாள். சங்கத்தில் அந்த நாட்டின் பெயரை யாரும் இரண்டு தரம் ஒரே மாதிரிச் சொல்லவில்லை. ஆனாலும் பாராட்டு விழா வைத்தார்கள்.

விழா மைதானத்துக்குப் பக்கத்து மண்டபத்தில். மறுநாள் விடிய விமானம். கஜந்தி காரின் டிக்கியில் மட்டையும் பந்தும் கொண்டுவந்திருந்தாள். “நாலு மணிக்கு முடியும், பிறகு மைதானம்,” என்று ஹற்சுமி சொல்லியிருந்தாள்.

நாலு மணிக்குத்தான் மங்கள விளக்கு ஏற்றினார்கள். பொன்னாடை போர்த்தியவர்களில் மூன்று பேர் மயில்களின் ஓர் ஆட்டம்கூடப் பார்க்காதவர்கள். ஹற்சுமி ஒவ்வொருவருக்கும் இடுப்பு மடிய வணங்க, அவர்கள் திரும்ப வணங்க, அவள் மறுபடி வணங்க, ஒவ்வொரு பொன்னாடைக்கும் ஐந்து நிமிடம் போனது. அங்கிள் விட்டுக்கொடுத்தல் என்னும் பண்பைப் பற்றி, நேரத்தை விட்டுக்கொடுக்காமல் பேசினார். சுமி ரீச்சரை நாங்கள்தான் உருவாக்கினோம் என்றார். கஜந்தியை வடைத் தட்டுப் பிடிக்கச் சொன்னார்கள். அவளுக்குத்தான் அந்த வேலை பழக்கமாம்.

வெளியே வெளிச்சம் மஞ்சளாகிக்கொண்டிருந்தது. கஜந்தி வடைத் தட்டை வைத்துவிட்டுக் காருக்குப் போய் மட்டையை எடுத்துவந்து கதவில் நின்றாள். மேடையில் நாலு பொன்னாடைக்குள்ளிருந்து ஹற்சுமி அவளைப் பார்த்தாள். ஜன்னலைப் பார்த்தாள். பேச எழும்பும் அடுத்தவரைப் பார்த்தாள். பொன்னாடையை விலக்கி ஒரு கை மேலே வந்தது. இடது காது.

கஜந்தி மட்டையைக் கொண்டுபோய் டிக்கியில் வைத்தாள். வைத்த பிறகுதான் யோசித்தாள்: ஏன் வைத்தேன்? இறுதியாட்டத்திலும் யாரும் கையைப் பிடித்திருக்கவில்லை. வீசியிருக்கலாம். இப்போதும் மேடைவரை நடந்துபோய், “வா, இருளப்போகுது” என்றிருக்கலாம். பட்டப்படிப்பில் இதற்குப் பதில் இருந்ததாக நினைவில்லை.

2013இல் குசினி இடைவேளையில் தீவு அணியின் ஓர் ஆட்டத்தைப் போனில் பார்த்தாள். தோள் அகன்ற ஒரு பெண் மட்டையோடு நின்றாள். ஓரத்தில் ஹற்சுமி, முடியைக் கட்டையாக வெட்டியிருந்தாள். கை காதுக்குப் போனது. அந்தப் பெண் நம்பாதவள்போல இன்னொருமுறை திரும்பிப் பார்த்தாள். பிறகு மட்டையைக் குறுக்கே பிடித்தாள். அவுட். தோழி வீடு வந்துவிட்டாள். ஹற்சுமி அந்தப் பெண்ணுக்கு முன்னால் இடுப்பு மடிய வணங்கி ஏதோ சொன்னாள். வீடியோவில் சத்தம் இல்லை. கஜந்திக்குத் தேவைப்படவுமில்லை.

அன்று பின்னேரம் கடைக்குப் போனபோது ஜசிந்தன் டிக்கியைத் திறந்து நின்றான். “இந்தத் தடியை எடுத்து வையன். அரிசி மூட்டை வைக்க இடமில்லை.”

“கிடக்கட்டும்,” என்றாள் கஜந்தி. “ஒராள் எனக்கு ஒரு வீச்சுத் தரவேணும்.”

அரிசி மூட்டை பின் சீற்றில் வந்தது.