கார் பார்க்கில் கட்டிய தாலி

கலியாண வீடியோ எடுக்கிறவனுக்கு மணமக்களைவிட மாமன்மாரைத்தான் அதிகம் தெரியும். இந்தத் தொழிலில் அடிபட்டவர்கள் இதை மறுக்கமாட்டார்கள். நான் ஜெர்மனியில் பதினைந்து வருடம் இருந்துவிட்டு லண்டன் வந்தவன். என் கூட்டாளி டீட்டர் அசல் ஜெர்மன்காரர். அங்கே மூன்று சினிமாப் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர். மூன்றிலும் கதாநாயகிக்கு ஒரு கன்னம்தான் தெரியும், மற்றது இருட்டு.

ஒரு விளக்கு

லண்டன் ஹவுன்ஸ்லோவில் ஒரு கலியாணப் பெண்ணின் வீடு. பெண்ணின் அப்பாவுக்கு விசா கிடைக்கவில்லை. வவுனியாவில் இருந்தபடி, நாங்கள் எடுக்கும் படத்தில்தான் மகளின் கலியாணத்தைப் பார்க்கப்போகிறார். பொறுப்பாக நின்றவர் பெண்ணின் தாய்மாமா. மாதிரி காட்டுவதற்காக டீட்டர் லைட்டுகளை எல்லாம் அணைத்து, ஒரேயொரு மேசை விளக்கை மாமாவின் காதோரம் வைத்தார். கமெராவின் சிறு திரையில் தன்னைப் பார்த்த மாமா கேட்டார்: "தம்பி, இது கலியாணப் படமோ, நான் பொலிசில வாக்குமூலம் குடுக்கிறதோ?"

புகை

கலியாணத்தன்று மண்டபத்தில் டீட்டருக்குப் பிடித்தது ஓமப் புகை மட்டும்தான். பின்னாலிருந்து வெளிச்சம் அடித்தால் பட்டுப்போல நிற்குமாம். இன்னும் கொஞ்சம் போடச் சொன்னார். நான் ஐயரிடம் சொன்னேன். லண்டன் ஐயர்மாரிடம் 'குறையுங்கோ' என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். கூட்டச் சொன்ன முதல் ஆள் நான். அவர் சந்தோஷத்தில் குச்சியும் நெய்யுமாக வாரிப் போட்டார்.

புகை பட்டுப்போலவே எழுந்து கூரையிலிருந்த தீ அலாரத்தைத் தொட்டது. முந்நூறு பேரும் வெளியே. நல்லநேரம் முடிய இன்னும் பன்னிரண்டு நிமிடம். சோதித்து முடியும்வரை ஒருவரும் உள்ளே வரக்கூடாது என்று மனேஜர் வாசலில் நின்றார். மாமா என் சட்டைக் கொலரைப் பிடித்தார்: "அத்தானுக்கு நான் என்னத்தைக் காட்டுறது? பூட்டின கதவையோ?"

வெளிச்சம்

தாலித் தட்டை ஐயர் கையோடு கொண்டுவந்திருந்தார். மேளகாரர் மேளத்தை விட்டுவிட்டு ஓடுகிறவர்கள் அல்ல. கார் பார்க்கில் எங்கள் வேனுக்கும் குப்பைத் தொட்டிக்கும் நடுவே மணமக்களை நிறுத்தினோம். வானம் முழுக்க மேகம். நிழலே விழாத வெளிச்சம். எவர் முகத்தையும் இருட்டாக்க வழியில்லை. மேடையென்றால் தாலி கட்டும் நேரம் சித்திமார் போனோடு சுற்றி வளைத்துத் தாலியையே மறைத்துவிடுவார்கள். டீட்டர் கமெராவோடு வேனின் கூரையில் ஏறினார்.

மேளம் முழங்கியது. ரோட்டில் போன பஸ் நின்று பார்த்தது. இரண்டு நிமிடம் மிச்சமிருக்கத் தாலி ஏறியது. கீழே இறங்கிய டீட்டர் ஜெர்மனில் முணுமுணுத்தார்: "இவ்வளவு வெளிச்சத்தில் நான் வாழ்க்கையில் படம் எடுத்ததில்லை. வெட்கமாக இருக்கிறது."

வவுனியா

படத்தை அனுப்பிவிட்டு மூன்று நாள் போன் அடித்தாலே பயந்தேன். நாலாம் நாள் பெண்ணின் அப்பா அழைத்தார். முதலில் மூக்கை உறிஞ்சும் சத்தம். பிறகு சொன்னார்: "தம்பி, நாலு தரம் பாத்திட்டன். பிள்ளையின்ரை முகம், தாலி, வந்த ஆக்கள், எல்லாம் வடிவாத் தெரியுது. குப்பைத் தொட்டிக்குப் பக்கத்தில நிண்டு விக்கி விக்கி அழுறது என்ரை மச்சான்தானே? அந்தத் துண்டை மட்டும் வெட்டித் தனியா அனுப்புங்கோ, அடுத்த சண்டைக்கு எனக்கு உதவும்."

நானறிந்தவரை, நல்ல கலியாணப் படம் என்பது ஒளிப்பதிவாளரின் பாணி தோற்றுப்போன படம்.